சிறுத்தைப் பாட்டும் அசையாத சபையும்

மலைச்சரிவில் ஒரு சோலைக்காடு. அங்கே வாழ்ந்த கருமந்திகளிடம் சில கூவல் பாட்டுகள் இருந்தன. அடிக்குரலில் தொடங்கும், சட்டென்று உச்சிக்குத் தாவும், மறுபடி இறங்கும். பள்ளத்தாக்கைத் தாண்டி எதிர்ச்சரிவு வரை கேட்கும். அத்தி பழுத்தால் ஒரு பாட்டு, மூடுபனி ஏறினால் ஒரு பாட்டு, சிறுத்தை வந்தால் ஒரு பாட்டு.

இந்தப் பாட்டுகள் கெட்டுப்போகக் கூடாது என்று கரியான் என்ற கடுவன் குரங்கு ஒரு குழு அமைத்தது. தினமும் காலையில் பாறைமேல் கச்சேரி. அதற்கு ஒரு சட்டமும் போட்டது: பாட்டு முடியும்வரை யாரும் அசையக் கூடாது. நடுவில் எழுந்தால் பாட்டை அவமதித்ததாக அர்த்தம்.

குழுவிலேயே நல்ல குரல் மின்னிக்குத்தான். கைக்குட்டிக்காரி. ஆனால் மனதில் பட்டதைக் கேட்காமல் இருக்காது.

“அண்ணே, சிறுத்தைப் பாட்டு கேட்டால் ஓட வேண்டும். உட்கார்ந்து தலையாட்டினால் பாட்டைக் காப்பாற்றியதாகிவிடுமா?”

“ஓடுகிறவன் காதில் சுருதி விழுமா?” என்றது கரியான்.

“விழாவிட்டால் என்ன? உயிர் இருக்குமே.”

“ஆரம்பித்துவிட்டாள்,” என்று பின்வரிசையில் ஒன்று முனகியது. எல்லாம் சிரித்தன.

“உனக்கு ரசனை போதாது, தங்கச்சி. இனிமேல் குழுவுக்கு வராதே,” என்று கரியான் முடித்துவிட்டது.

அதன்பின் மின்னி குழுவுக்குப் போகவில்லைதான். ஆனால் மின்னியின் தங்கைக்குப் பாட்டென்றால் உயிர். ஒருநாள் காலை அக்காவின் குட்டியையும் மடியில் வைத்துக்கொண்டு பாறையில் போய் உட்கார்ந்தது. மின்னி பக்கத்து மரத்தில் தளிர் தின்றுகொண்டிருந்தது. கீழே புதருக்குள் புள்ளிகள் நகர்ந்தன.

மின்னி தொண்டை கிழியச் சிறுத்தைப் பாட்டைப் பாடியது.

பாறையில் ஒன்றும் அசையவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டன.

“திமிர் பிடித்தவள்தான். ஆனாலும் என்ன குரல்!”

“இரண்டாவது தாவலில் சுருதி நடுங்குகிறது,” என்றது கரியான்.

நடுங்காமல் என்ன செய்யும்? குட்டி பாறையில் அல்லவா இருக்கிறது.

மின்னி பாட்டை அப்படியே விட்டுவிட்டுப் பாறைக்குத் தாவியது. குட்டியைப் பறித்தது. “ஏறுடி!” என்று தங்கையை இழுத்துக்கொண்டு மரமேறியது.

“பாதியில் நிறுத்துகிறாளே, வெட்கமாயில்லை?” என்று சபை சீறியது.

அந்தச் சீறல் அடங்குவதற்குள் சிறுத்தை பாய்ந்துவிட்டது. முன்வரிசையில் மெய்மறந்து கேட்டுக்கொண்டிருந்த ஒரு மந்தி உயிரோடு திரும்பவில்லை. கரியானுக்குப் பாதி வால் போயிற்று.

உச்சிக்கிளையில் ஒட்டிக்கொண்டு கரியான் மூச்சிரைக்கக் கேட்டது: “சிறுத்தை வருகிறதென்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே, தங்கச்சி?”

“அதைத்தானே அண்ணே பாடினேன்.”

“பாடினாய். நன்றாகவும் பாடினாய். நாங்கள் வெறும் பாட்டு என்றல்லவா நினைத்தோம்.”

ஒரு பாட்டு எதற்காகப் பிறந்ததோ அதை மறந்து இசையை மட்டும் காக்கிறவர்கள், பாட்டையும் காப்பதில்லை, தங்களையும் காத்துக்கொள்வதில்லை.