ஏட்டில் இறந்த மாணவன்

முன்னொரு காலத்தில், பெயரைச் சொன்னால் வம்பு வரும் என்று நான் சொல்லாமல் விடுகிற ஒரு நாட்டில், கலாசாலை மாணவர்கள் வராத நாளுக்கும் வந்ததாகக் கணக்குக் காட்டுவது கண்டு ராஜாவுக்குக் கோபம் வந்தது. "இனி வருகை ஏட்டில் உள்ளதே மெய். அதற்கு மாறாகக் கண்ணால் கண்டேன் என்பவனுக்கு இருபது கசையடி" என்று பறையறையச் சொன்னார். ராஜாவுக்குக் கோபம் வந்தால் யார் என்ன செய்ய முடியும்!

அந்தக் கலாசாலையில் ஒரு வழக்கம். மூன்று நாள் பெயர் கூப்பிட்டும் "உள்ளேன் ஐயா" என்று குரல் வராவிட்டால், இறந்தான் என்று எழுதிப் பெயர்மேல் கோடு கீறிவிடுவார்கள். ஓடக்காரர் மகன் இளஞ்சாத்தன் வெள்ளத்தில் தவித்தவர்களை நான்கு நாள் கரை சேர்த்துவிட்டுத் திரும்பினான். கோடு விழுந்திருந்தது. கீறியவர் தலைமை ஆசான் மகரபூஷணர். முதல் நாள் அவரைக் கரை சேர்த்ததே இவன் ஓடம்தான். ஆனால் இவன் தேர்வெழுதினால் அவருடைய மருமகனுக்கு இரண்டாமிடம் அல்லவா?

கசையடிக்குப் பயந்த வாயிற்காவலன் இளஞ்சாத்தனை ஊடுருவித் தெருவைப் பார்த்தான். தண்ணீர்ப் பந்தலில் முன்னால் நின்றவனுக்கும் பின்னால் நின்றவனுக்கும் தண்ணீர் வார்த்தார்கள். இவன் குவித்த கை காய்ந்தே இருந்தது. வீட்டில் அம்மா சோறு வைத்தாள். முகத்தைப் பார்க்கவில்லை. படையல் வைப்பதுபோல் இலையை மூலையில் வைத்துவிட்டுப் போனாள். மூன்றாம் நாள் அவனுக்கே பயம் வந்துவிட்டது. நடக்கும்போதெல்லாம் தன் நிழல் விழுகிறதா என்று குனிந்து பார்த்தான்.

ராஜசபையில் போய் நின்றான். ஒருவரும் திரும்பவில்லை. விகடகவி தாண்டவன் மட்டும் எழுந்தான்.

"அரசே, ஏட்டில் இறந்தவன் தேர்வெழுதலாமா?"

"ஏடு தங்கள் முத்திரை பெற்றது, பிரபு. அதில் பிழை என்பது தங்களையே குறை சொல்வது" என்று முந்திக்கொண்டார் மகரபூஷணர்.

ராஜாவுக்கு விளையாட்டுப் புத்தி வந்தது. "தாண்டவா, ஏட்டில் ஓர் எழுத்தும் மாறாமல் அவனைத் தேர்வெழுத வை. முடியாவிட்டால் உன் பெயர்மேலும் கோடு விழும்."

தாண்டவன் வெளியே வந்து, இளஞ்சாத்தன் நின்ற தூணில் சாய்ந்துகொண்டான். தூணோடு பேசினால் கசையடி கிடையாது.

"தூணே, உங்கிட்டதான் சொல்றேன். பரீட்சை அன்னிக்கு நேரா உள்ள போய் உன் இடத்துல உக்காரு. எவன் கத்தினாலும் வாயைத் தொறக்காதே."

தேர்வு நாளில் ராஜாவே வந்து அமர்ந்திருந்தார். இளஞ்சாத்தன் காவலனைக் கடந்து போய் உட்கார்ந்து எழுதத் தொடங்கினான். மகரபூஷணருக்கு ரத்தம் கொதித்தது.

"அடேய் இளஞ்சாத்தா, எழுந்து வெளியே போ!"

"யாரை விரட்டுகிறீர், ஆசானே?" என்றான் தாண்டவன்.

"இதோ, இவனை!"

"ஏட்டின்படி அங்கே ஒருவரும் இல்லையே. இருக்கிறான் என்றால் ஏடு பொய், எழுதியவர் நீர். இல்லை என்றால், கண்டதாகச் சொன்ன உமக்கு இருபது கசையடி. எது வேண்டும்?"

யாருமில்லாத இடத்திலிருந்து எழுத்தாணி ஓலையைக் கீறும் சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது. கேட்டவர்களுக்கு மயிர்க்கூச்செறிந்தது.

ராஜா விழுந்து விழுந்து சிரித்தார். "கசையடி வேண்டாம். இவன் பெயரை மறுபடி எழுதுங்கள். அந்தக் கோட்டை ஒரு மாதத்துக்கு ஆசான் பெயர்மேல் போடுங்கள்."

பெயர் கூப்பிட்டார்கள். இளஞ்சாத்தன் எழுத்தாணியை வைத்துவிட்டு எழுந்தான். "உள்ளேன் ஐயா!" என்றான். நண்பர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவன் அழுதுவிட்டான்.

தாண்டவனுக்கு முத்துமாலை கிடைத்தது. "இந்த ஆணைமேலும் ஒரு கோடு போடுங்கள், அரசே" என்று அவன் கேட்டான்.

"ஒரு மாதம் போகட்டும்" என்று சிரித்தார் ராஜா.

முதலிடம் பெற்ற இளஞ்சாத்தன் பத்து நாள் கழித்துத் தண்ணீர்ப் பந்தலுக்குப் போனான். அங்கே மகரபூஷணர் கையைக் குவித்தபடி நின்றார். ஒருவரும் வார்க்கவில்லை. அவர் குனிந்து தரையில் எதையோ தேடிக்கொண்டிருந்தார். எதை என்று அவனுக்குத் தெரியும். ஆணை இன்னும் இருக்கிறது, இருபது கசையடியும் இருக்கிறது. இருந்தும் செம்பை எடுத்து அவர் கையில் வார்த்தான்.

"நிழல் விழுதுங்க ஐயா. நானும் தேடிப் பாத்தவன்தான். குடிங்க."