கருவாயனின் நகம்

பொதிகை மலையடியில், ஆற்றுக்கு மேற்கே ஒரு சிறிய மடம் இருந்தது. உலகம்மை என்ற பெண் துறவி அதை நடத்திவந்தார். மன அமைதியைத் தேடிப் பலர் அவரிடம் வந்தார்கள். சொரிமுத்து மட்டும் ஓர் ஆளைத் தேடி வந்தான்.

அந்த ஆளின் பெயர் தளவாய். வாய்க்கால் தண்ணீர்த் தகராறில் சொரிமுத்துவின் தம்பி பேச்சிமுத்துவை மண்வெட்டியால் அடித்துக் கொன்றவன். அடி பின்மண்டையில் விழுந்திருந்தது. பேச்சிமுத்து திரும்பிப் பார்க்கக்கூட நேரம் இருந்திருக்காது. ஊருக்கே விஷயம் தெரியும், ஆனால் சாட்சி சொல்ல ஒரு வாயும் திறக்கவில்லை. விடுதலையான தளவாய் அன்றைக்கே ஊரைவிட்டுப் போனான்.

வருசங்கள் ஓடின. ஒவ்வொரு ஆடி அமாவாசைக்கும் தளவாய் இந்த மடத்துக்கு வந்து அன்னதானத்துக்கு விறகு பிளந்து போடுகிறான் என்று ஒரு மாட்டு வியாபாரி பேச்சோடு பேச்சாகச் சொன்னான். அந்த வாரமே சொரிமுத்து ஒரு சூரிக்கத்தியை உறையோடு மடியில் செருகிக்கொண்டு கிளம்பிவிட்டான். ஆடிக்கு இன்னும் நாள் இருந்தது. காத்திருப்பது அவனுக்கு ஒன்றும் புதிதில்லை. மலையில் வேட்டைக்காரர்களுக்கு வழிகாட்டியே ஐம்பது வயதைத் தொட்டவன்.

“நானும் சீடனா இங்கன இருந்துக்கிடுதேன்மா” என்றான்.

அம்மை அவனைவிடப் பத்து வயதாவது இளையவர். அவனை ஒருமுறை ஏற இறங்கப் பார்த்தார்.

“இருங்க அண்ணாச்சி” என்றார்.

தம்பி போன பிறகு அவனை அண்ணன் என்று கூப்பிட யாருமில்லை. அந்தச் சொல் அவனுக்கு எரிச்சலாக இருந்தது. ஏன் எரிச்சல் என்று அவன் யோசிக்கவில்லை.

ஆடு மேய்க்கும் வேலை கிடைத்தது. மடத்தில் அவன்மேல் ஒரே ஒரு குறைதான் உண்டு. நடந்தால் சத்தமே கேட்காது. காட்டில் பழகிய கால். சமையல்கார சிவனு கரண்டியோடு திரும்பும்போதெல்லாம் பின்னால் இவன் நிற்பான்.

“ஏம்வே, செருமிட்டு வரக் கூடாதா? ஒரு நாளைக்கு என் உசிரு போயிரும் பாத்துக்கிடும்!”

செருமிவிட்டு வருவதற்காகவா சொரிமுத்து வந்திருக்கிறான்?

மடத்தில் ஒரு நாயும் இருந்தது. செவலை நிறம், வாய் மட்டும் கறுப்பு. கருவாயன் என்று பெயர். கருவாயனுக்கு வீரம் அதிகம் என்று யாரும் குறைபட்டுக்கொண்டதில்லை. உலை கொதிக்கும் நேரத்தில் அடுக்களை வாசலில் இருக்கும், மற்ற நேரத்தில் யார் காலடியிலாவது கிடக்கும். சில நாட்களில் அது சொரிமுத்துவின் காலடியைத் தேர்ந்தெடுத்துக்கொண்டது. அவன் எத்தனை முறை விரட்டியும் அதற்கு ரோசமே வரவில்லை.

ஆனி மாதம் ஒரு விடியற்காலையில் சிறுத்தை வந்தது. பட்டியைத் தாண்டி உள்ளே குதித்து, ஒரு குட்டியின் கழுத்தைக் கவ்விக்கொண்டு போயிற்று. கருவாயன் குரைத்தது. குரைத்துக்கொண்டே பின்வாங்கிச் சுவரோடு ஒட்டிக்கொண்டது. சொரிமுத்து கம்போடு ஓடிவருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

அவனுக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. நாயின் பிடரியைப் பிடித்துத் தூக்கிக்கொண்டுபோய் அம்மையின் முன்னால் போட்டான்.

“இந்த நாயை என்னத்துக்கும்மா வச்சிருக்கிய? சோத்துக்குக் கேடு. காட்டு மிருகத்துக்கும் இதுக்கும் ஒரு பொருத்தம் உண்டா?”

அம்மை கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

“நான் சிறுத்தையைக் கிட்டத்துல பாத்ததில்ல அண்ணாச்சி. நீங்க மலை தெரிஞ்சவுக. ரெண்டையும் ஒப்பிட்டுச் சொல்லுங்க, கேட்டுக்கிடுதேன்.”

சொரிமுத்து குத்தவைத்து உட்கார்ந்தான். நாயின் தாடையைப் பிளந்து காட்டினான்.

“பாருங்க. பொட்டல் காட்டுல ஓநாய் பாத்திருக்கேன். இதே உருவம், இதே எடைன்னு வைங்க. அதோட மண்டை பெருசு, பல்லும் பெருசு. நம்ம சோத்தைத் தின்னு தின்னு இதுக்கு எல்லாம் சிறுத்துப் போச்சு.”

“சிறுத்தைக்கு?”

“கோரைப்பல்லு என் சுண்டுவிரல் நீளம். கழுத்தும் தோளும் ஒரே கட்டு. தன் எடைக்கு ஒரு மானைக் கவ்விட்டு மரத்துல ஏறிரும். இந்தக் கழுதைக்கு ஒரு தேங்காய்ச் செரட்டையைத் தூக்கவே மூச்சு முட்டுது.”

கருவாயன் தன் வாய்க்குள் இருந்த விரலை நக்கியது. இவ்வளவு நேரம் யாரும் அதைத் தொட்டுப் பேசிக்கொண்டிருந்ததில்லை.

“இதுட்ட ஒண்ணுமே இல்லியா?”

சொரிமுத்து நியாயஸ்தன். கொஞ்சம் யோசித்தான்.

“மூக்கு உண்டு. இல்லைங்கல. நாள்பூரா ஓடச் சொன்னாலும் ஓடும். சிறுத்தைக்கு அந்த ஓட்டம் கிடையாது. ரெண்டு பாய்ச்சல்ல பிடிக்கலன்னா விட்டுரும். ஆனா எதுக்கு ஓடணும்? பின்னால வாறதே தெரியாது. பிடரியைக் கவ்வின பொறவுதான் ஆட்டுக்கே தெரியும்.”

“அம்புட்டு பெரிய உடம்பு. கல்லுல சருகுல நடந்து வருது. எப்படித் தெரியாமப் போகும்?”

“காலுதான்மா காரணம்.” அவன் கருவாயனின் முன்னங்காலைத் தூக்கிப் பிடித்தான். “இந்தா பாருங்க, நகம் வெளியே நீட்டிட்டு இருக்கு. இதை உள்ளே இழுக்க இதுக்கு வழியில்ல. சிறுத்தைக்கு ஒவ்வொரு நகத்துக்கும் தோலால ஒரு உறை உண்டு. நடக்கும்போது நகம் உள்ளே போயிரும். பஞ்சு மாதிரி பாதம் மட்டும் தரையில படும். தேவைப்படும்போதுதான் வெளியே வரும்.”

“இதுக்கு உறை இல்ல.”

“எங்க இருக்கு? கல்தரையில வந்தா டிக்கு டிக்குன்னு ஊருக்கே கேக்கும். நடக்க நடக்கத் தேஞ்சு மொட்டையாப் போச்சு. தொட்டுப் பாருங்க. ஒரு காயத்தைக்கூட இதால உருப்படியாப் போட முடியாது.”

அம்மை தொட்டுப் பார்த்தார்.

“சிறுத்தை நகம் தேயாதா?”

“உறைக்குள்ள கிடக்கிறதுக்கு என்ன கேடு? எத்தனை வருசம் ஆனாலும் கூரு அப்படியே இருக்கும்.”

அம்மை கீரைக்குத் திரும்பினார். ஒரு தண்டை ஒடித்தார். நாரை உரித்தார்.

“அத்தனை கூர்மையை உள்ளே வச்சுக்கிட்டே திரியிறது பாரமா இருக்காதா அண்ணாச்சி?”

“அதைச் சிறுத்தைட்டத்தான் கேக்கணும்” என்று சொரிமுத்து சிரித்தான்.

“அதான் கேக்கேன்” என்றார் அம்மை.

அவன் சிரிப்பு நின்றது. அம்மை நிமிர்ந்து பார்க்கவில்லை. அவன் எழுந்து பட்டிக்குப் போனான். கருவாயனும் பின்னாலேயே போயிற்று.

ஆடி அமாவாசை வந்தது.

காலையிலிருந்து கூட்டம். ஆற்றில் முழுகித் தர்ப்பணம் கொடுத்தவர்கள் ஈரத் துணியோடு பந்தியில் உட்கார்ந்தார்கள். சொரிமுத்து இலை போட்டான், தண்ணீர் ஊற்றினான். கண் மட்டும் விறகுக் கொட்டகையிலேயே இருந்தது.

தளவாய் வந்திருந்தான். முதலில் அடையாளமே தெரியவில்லை. எருமைக்கடா போல இருந்தவன் எலும்பும் தோலுமாக ஆகியிருந்தான். ஒவ்வொரு கட்டையைப் பிளந்ததும் கோடரியை ஊன்றி நின்று மூச்சு வாங்கினான். சொரிமுத்துவுக்கு இரக்கம் வரவில்லை. தம்பிக்கு இப்படிக் கிழடு தட்டிப்போகிற வயதே வாய்க்கவில்லையே என்றுதான் வயிறு எரிந்தது.

பந்தியெல்லாம் முடிந்து கூட்டம் கலைந்தபிறகு தளவாய் கை கால் கழுவிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தான். மடத்துக்குப் பின்பக்கம் நீளமாகக் கல் பாவிய நடைவழி ஒன்று உண்டு. அதன் கடைசியில், மலையைப் பார்த்தபடி உட்கார்ந்தான். முதுகு இந்தப் பக்கம். சுற்றிலும் ஈ காக்கை இல்லை.

சொரிமுத்து நடையின் இந்த முனையில் நின்றான். இத்தனை வருசம் எதற்காக இருந்தானோ அது அந்த முனையில் உட்கார்ந்து சோறு பிசைந்துகொண்டிருந்தது. கத்தியை உறையிலிருந்து உருவினான். நடக்க ஆரம்பித்தான். பாதம் கல்லில் பட்டது அவனுக்கே கேட்கவில்லை.

டிக், டிக், டிக்.

கருவாயன். காலடியிலேயே வந்துகொண்டிருந்தது. விரட்டவும் முடியாது. விரட்டினால் சத்தம் கேட்கும். சொரிமுத்துவுக்கு உடம்பெல்லாம் வேர்த்துவிட்டது. இருந்தும் நிற்கவில்லை.

அந்தச் சத்தம் தளவாயின் காதில் விழுந்தது. அவன் திரும்பவில்லை. இலையிலிருந்து ஒரு பிடி சோற்றை உருட்டினான். உருட்டி, கையைப் பின்னால் நீட்டினான்.

“வாலே, கருவாயா” என்றான்.

சொரிமுத்து நின்றுவிட்டான். நீட்டிய கைக்கும் அவனுக்கும் நடுவே ஒரு எட்டுத்தான் இருந்தது. கோடரி பிடித்துக் கொப்புளம் உடைந்த உள்ளங்கை. அதில் சோறு. திரும்பிப் பார்க்காத பிடரி. தம்பி கடைசியாக இப்படித்தான் இருந்திருப்பான். பின்னால் வருவது யார் என்று தெரியாமல், தண்ணீரைப் பார்த்துக்கொண்டு.

கை காத்திருந்தது. கருவாயன் ஒருமுறை சொரிமுத்துவை அண்ணாந்து பார்த்தது. பிறகு போய்ச் சோற்றைத் தின்றது. தளவாய் நீட்டிய கையாலேயே அதன் தலையைத் தடவிவிட்டு, மறுபடியும் சாப்பிட ஆரம்பித்தான்.

சொரிமுத்து வந்த வழியே திரும்பினான்.

அம்மை கிணற்றடியில் அண்டா துலக்கிக்கொண்டிருந்தார். அவன் கத்தியையும் உறையையும் துவைகல்லில் வைத்தான்.

“இது மடியில இருக்கது உங்களுக்குத் தெரியுமா?”

“வந்த அன்னைக்கே தெரியும். ஒரு பக்கமாச் சாஞ்சு நடந்திய.”

“தெரிஞ்சும் ஏன் பிடுங்கல?”

“நகத்தைப் பிடுங்கினாச் சிறுத்தை நாயாயிருமா அண்ணாச்சி?”

அவன் கல்லில் சாய்ந்து உட்கார்ந்தான். தம்பி செத்த அன்றைக்கு வராத அழுகை இன்றைக்கு வந்தது. அழுகையோடு பேச்சிமுத்துவுக்கும் தளவாய்க்கும் நடந்ததையெல்லாம் சொன்னான். அம்மை அண்டாவைத் துலக்கிக்கொண்டே இருந்தார். அழுது ஓய்ந்து அவன் மூக்கைத் துடைத்தபோதுதான் கையைக் கழுவினார்.

“கத்தி வீச முடியல. ஆனா ஆத்திரம் போகலம்மா. முதல் நாள் இருந்த மாதிரியே இருக்கு. இதை நீங்களே எடுத்து எங்கனயாவது உள்ளே வச்சுப் பூட்டிருங்க.”

“நான் பூட்டி வச்சா அது இன்னொரு உறை.”

“அப்ப நான் என்ன செய்ய?”

“அவரு முன்னால போய் நில்லுங்க. முகத்தைப் பாத்து, நான் பேச்சிமுத்துவோட அண்ணன்னு சொல்லுங்க. மனசுல இருக்க அம்புட்டையும் சொல்லுங்க.”

“அந்தப் பய வருசா வருசம் இங்கன எதுக்கு வாறான்?”

“அதையும் அவருட்டயே கேளுங்க.”

வெயில் துவைகல்லில் விழுந்து கத்தி மினுங்கியது. அதை அம்மை மூடவும் இல்லை, தொடவும் இல்லை.

“சொல்லிட்டா இது போயிருமா அம்மா?”

“போகாது அண்ணாச்சி. வெளியே இருந்தா நடக்க நடக்கத் தேயும்.”

அவன் எழுந்தான். கிணற்றடிக்கு வந்து படுத்திருந்த கருவாயனும் கூடவே எழுந்தது. கத்தி கிடந்த இடத்திலேயே கிடந்தது. கல் நடையின் கடைசியில் தளவாய் இலையை மடித்துக்கொண்டிருந்தான். கருவாயனின் நகச் சத்தம் கேட்டும் திரும்பவில்லை.

சொரிமுத்து நடையின் இந்த முனையிலேயே நின்று, உரக்கச் செருமினான்.