ஆவுளியா கொடுத்த குடல்

அந்தக் காலத்தில் கடலும் கரையும் ஒரே மொழி பேசின. மீன் திட்டினால் மனிதனுக்கு உறைக்கும்; மனிதன் பொய் சொன்னால் நண்டுகூடச் சிரிக்கும். அப்போதெல்லாம் மனிதனுக்குத் தொண்டையிலிருந்து அடிவரை மூங்கில் குழாய் மாதிரி நேராக ஒரே குடல்தான். காலையில் தின்ற கிழங்கு உச்சிவெயிலுக்குள் கிழங்காகவே கீழே விழுந்துவிடும். அதனால் ஊரில் எல்லாரும் எந்நேரமும் எதையாவது மென்றுகொண்டே இருந்தார்கள். வலை இழுக்கும்போதும் மென்றார்கள், சண்டை போடும்போதும் மென்றார்கள். கொஞ்சம் ஓய்ந்தால் உயிர் போய்விடும்.

பெரியவர்கள் எப்படியோ தின்று சமாளித்தார்கள். பால் மறந்த பிள்ளை என்ன செய்யும்? நீலாயியின் மகள் பாசி அப்படித்தான் நாளுக்கு நாள் வற்றிக்கொண்டு வந்தாள். மீனைப் பிசைந்து ஊட்டினாலும் கஞ்சியைப் புகட்டினாலும் உடம்பில் ஒன்றும் ஒட்டவில்லை. விலா எலும்பு தெரிய, அழக்கூடத் தெம்பில்லாமல் அம்மாவின் தோளில் கிடந்தாள். நீலாயிக்கு முன்பே ஒரு பிள்ளை இப்படிப் போயிருந்தது. இன்னொன்றையும் மணலில் புதைக்க அவளால் ஆகாது.

நீலாயியின் வேலை வடம் சுருட்டுவது. புருஷன் சங்கன் கடலிலிருந்து இழுத்துப் போடும் நீளக் கயிற்றை ஒரு சின்னக் கூடைக்குள் வளையம் வளையமாக அடக்கிவிடுவாள். மறுநாள் எடுத்து வீசினால் ஓர் இடத்திலும் சிக்காது.

ஒருநாள் சங்கனின் வலையில் ஆவுளியா மாட்டிக்கொண்டது. கடற்பசு என்கிறோமே, அதுதான். கரைக்கு இழுத்துவந்து அவன் ஈட்டியை எடுத்தபோது நீலாயி குறுக்கே வந்து நின்றாள். அவள் கண் அதன் கொழுத்த முதுகிலேயே இருந்தது.

"ஏ ஆவுளியா, நீ தின்னுறது வெறும் கடல்புல்லு. உனக்கு எப்படி இந்த உடம்பு?"

"புல்லுல என்ன இருக்கு தாயி? எல்லாம் என் குடல்லதான் இருக்கு," என்றது ஆவுளியா, மூச்சு வாங்கியபடி. "இந்தக் கரை நீளத்துக்கு வரும். உள்ள பூராவும் கடல்புல்லு மாதிரியே குட்டிக் குட்டி இழை. போற சாப்பாட்டை அவசரப்படாம தடவித் தடவி சத்தை எடுத்துக்கும்."

"அதுல கொஞ்சம் என் புள்ளைக்குக் கொடுப்பியா?"

"வலைக்குள்ள கெடந்துக்கிட்டு எதைக் கொடுக்க?"

"அறுத்துவிட்டா அது போயிரும். அப்புறம் எங்க திரும்பி வரப்போகுது?" என்றான் சங்கன். "நாளைக்கு நாம எதை வெச்சு மீன் பிடிக்கிறது?"

அவன் சொன்னது நியாயம்தான். அந்த வீட்டில் இருந்ததே அந்த ஒரு வலை. நீலாயி தோளில் கிடந்த பிள்ளையைப் பார்த்தாள். மீன் அரியும் கத்தியை எடுத்து வலையை அறுத்தாள்.

ஆவுளியா ஒரே பாய்ச்சலில் தண்ணீருக்குள் போய்விட்டது. சங்கன் தலையில் கைவைத்து உட்கார்ந்தான். கொஞ்ச நேரம் கழித்து, ஆழமில்லாத இடத்தில் அந்த மொட்டைத் தலை மறுபடி தெரிந்தது. தன் குடலில் பாதியை வாயில் கவ்விக்கொண்டிருந்தது.

"உடம்பு காஞ்சு போச்சு, நனைச்சுக்கிட்டு வந்தேன். அதுக்குள்ள ஒப்பாரியா? இந்தா, பிடி," என்றது, குடலைக் கரையில் போட்டுவிட்டு.

அந்தக் காலத்து வயிறு சுருக்குப் பை மாதிரி. தொப்புளில் கயிற்றை இழுத்தால் திறந்துகொள்ளும். சங்கன்தான் முதலில் கைவைத்தான். ஈர வலையைச் சாக்கில் திணிக்கிற பழக்கத்தில் குடலையும் அள்ளித் திணித்தான். பாசி முழங்காலை மடக்கிக்கொண்டு துடித்தாள்.

"வலையா அது? நகருங்க," என்று அவனைத் தள்ளிவிட்டு, நீலாயி எல்லாவற்றையும் வெளியே எடுத்தாள். கூடையில் வடம் சுருட்டுவதுபோல வளையத்தின் மேல் வளையமாக அந்தச் சின்ன வயிற்றுக்குள் அடக்கினாள்.

"அப்படியே விட்டா புள்ள ஓடியாடும்போது முறுக்கிக்கும். முதுகோட சேர்த்துக் கட்டு," என்றது ஆவுளியா.

அறுந்த வலைத்துண்டை எடுத்துச் சுருளை முதுகோடு சேர்த்துக் கட்டினாள். குடல் எடுத்த சத்து அந்த வலையின் நூல் வழியாகத்தான் ரத்தத்துக்குப் போனது. பழைய குடலின் அடிப்பகுதியை வீச அவளுக்கு மனம் வரவில்லை. சுருளைச் சுற்றி வேலிபோல வைத்தாள். மிச்சமிருக்கும் தண்ணீரை உறிஞ்சிக்கொண்டு சக்கையை வெளியே தள்ளுவது அதன் வேலையானது. கடைசியில் தொப்புளில் இறுக்கி ஒரு முடிச்சுப் போட்டாள்.

ஒரு கிண்ணம் கஞ்சி புகட்டினாள். பாசி குடித்துவிட்டுக் கண்ணை மூடினாள். வெயில் ஏறியது. பிள்ளை அசையவில்லை, எதையும் கேட்டு வாய் திறக்கவில்லை. அந்த ஊரில் அத்தனை நேரம் வாய்மூடிக் கிடந்தது பிணம் மட்டும்தான்.

"போயிட்டாளா?" என்றான் சங்கன்.

நீலாயி பிள்ளையின் வயிற்றில் காதை வைத்தாள். உள்ளே களக் களக்கென்று ஒரு சத்தம். கஞ்சி வளையம் வளையமாக நிதானமாகப் போய்க்கொண்டிருந்தது. அவள் காதை எடுக்காமலே சிரித்தாள், அப்படியே அழுதும்விட்டாள்.

"தூங்குறா," என்றாள். "வயிறு நெறஞ்சு தூங்குறா."

மிச்சக் குடலுக்கு ஊரே மென்றுகொண்டு வந்து வாசலில் நின்றது. நீலாயி எல்லாருக்கும் சுருட்டி வைத்து அனுப்பினாள்.

அன்று முதல்தான் நம் குடல் இப்படிச் சுருண்டு கிடக்கிறது, வாயை மூடி இரண்டு வார்த்தை யோசிக்க நமக்கும் நேரம் கிடைத்தது. தூங்கும் பிள்ளையின் வயிற்றில் பெற்றவள் காதை வைத்துப் பார்ப்பதும் அன்று முதல்தான்.