படிச்சவளுக்கு வராத வேலை

சீரியல் இயக்குநர் குலோத்துங்கன் வாய் திறந்தால் செட்டில் யாரும் மறுபேச்சுப் பேசுவதில்லை. அவரிடம் உதவி இயக்குநராக இருந்த தமயந்தி இயற்பியல் முதுகலை படித்தவள். அன்றைய காட்சியில், பல்கலைக்கழகத்தில் இயற்பியலில் தங்கப் பதக்கம் வாங்கிய கதாநாயகி, வீட்டில் ஃபியூஸ் போனதும் திருதிருவென்று விழிக்க வேண்டும். பத்தாவது ஃபெயிலான கணவன் வந்து சரிசெய்வான்.

"பிசிக்ஸ் படிச்சவளுக்கு ஃபியூஸ் போடத் தெரியாதா சார்?" என்றாள் தமயந்தி.

"படிச்ச பொண்ணுங்களுக்கு ஒரு வேலையும் வராதும்மா. வரும்னு சாயங்காலத்துக்குள்ள நிரூபி, சீனை மாத்தறேன்."

கேமரா பார்க்கும் மேகலையும் ஒலிப்பதிவு செய்யும் ஜெனிஃபரும் பட்டதாரிகள். தமயந்தி அவர்கள் காதில் ஏதோ சொல்லிவிட்டு வந்தாள்.

"ஆக்‌ஷன்" என்றார் இயக்குநர். எதுவும் ஓடவில்லை.

"கேமராவை ஆன் பண்ணும்மா."

"எனக்கெப்படி சார் தெரியும்? நான் படிச்சவளாச்சே," என்றாள் மேகலை பணிவாக.

"நானும்தான் சார்," என்றாள் ஜெனிஃபர்.

ஒரு மணி நேரம் வேலை நின்றது. தயாரிப்பாளர் ஓடிவந்து, "வேற யாரையாவது வச்சு எடுங்களேன்யா" என்று எரிந்து விழுந்தார்.

"இந்தப் பொண்ணுங்க இல்லாம ஒரு ஷாட்கூட எடுக்க முடியாது சார்," என்றார் குலோத்துங்கன், தன்னை மறந்து.

"நீங்க சொன்னதே போதும் சார்," என்று தமயந்தி மாற்றி எழுதிய காட்சியை நீட்டினாள்.

அதில் கதாநாயகி ஃபியூஸ் போட, கணவன் டார்ச் பிடித்துக்கொண்டு நின்றான்.