அம்மா உதடசைத்த மெட்டு

"சாகும்போது என் அம்மா என்ன சொன்னாங்க?"

மலைக்கோயில் பிக்குணி ஜாவூனிடம் இந்தக் கேள்வியோடு வந்து நின்றார் தெக்சூ. அவருக்கு வயது அறுபத்திரண்டு. பிக்குணி அவரைவிட இருபது வயது இளையவர்.

கொரிய சினிமாவுக்கும் டிவி தொடர்களுக்கும் முப்பது வருடம் இசையமைத்தவர் தெக்சூ. அவர் வயலின் சேர்க்காமல் அந்த நாட்டு டிவியில் ஒரு தாயும் கண்ணை மூடியதில்லை.

பிக்குணி முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தார்.

"நீங்க பக்கத்துல இல்லையா?"

"இருந்தேன்."

தெக்சூ தலையைக் குனிந்துகொண்டார்.

"அவங்க மூச்சு வாங்குறதைக் கேட்டதும் மனசுல ஒரு மெட்டு வந்துடுச்சு. மறந்துடுவேனோன்னு கைபேசியை வாய்கிட்ட வெச்சுப் பாடிப் பதிவு பண்ணினேன். எங்க தொழில்ல எல்லாரும் பண்றதுதான். நான் பாடப் பாட அம்மா உதடு அசைஞ்சுது. பாடி முடிச்சுட்டுத்தான் குனிஞ்சு கேட்டேன். அதுக்குள்ள போயிட்டாங்க."

அந்த மெட்டு பிறகு ஒரு தொடரில் வந்தது. நாடே அழுதது, விருதும் கிடைத்தது. தெக்சூ மட்டும் அது வந்தாலே டிவியை அணைத்துவிடுவார்.

"ஒன்பது வருஷமா ஸ்டுடியோவுல உட்கார்ந்து என் குரலைக் குறைச்சுக் குறைச்சுத் தேடறேன். அடியில ஒரு வார்த்தைகூட இல்ல."

"போடுங்க. கேட்போம்."

பழைய கைபேசியில் இருந்ததைப் போட்டார். பிக்குணி கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

"உங்க குரலுக்குப் பின்னாலயே இன்னொண்ணு வருதே, கொஞ்சம் பிந்தி?"

"அது அறையோட எதிரொலி. முதல் வேலையா அதை நீக்கிடுவேன். அதுக்கப்புறம்தான் தேடவே ஆரம்பிப்பேன்."

"எந்த அறை?"

"வீட்லதான். குளிர்காலம். அம்மாவுக்குத் தாங்கலைன்னு சுவர் பூரா போர்வையா தொங்கவிட்டிருந்தோம்."

பிக்குணி எழுந்தார். அவரை ஒரு சின்ன அறைக்குக் கூட்டிப்போனார். கோயிலில் தங்க வருபவர்களுக்கான பஞ்சுப் போர்வைகள் கூரைவரை அடுக்கியிருந்தன.

"இங்க நின்னு பாடுங்க."

பாடினார். நிறுத்தினார். அறையிலிருந்து ஒன்றும் திரும்பி வரவில்லை.

இன்னும் சத்தமாகப் பாடினார்.

ஒன்றுமில்லை.

தெக்சூ போர்வைகள்மேல் சாய்ந்து உட்கார்ந்தார். ஒன்பது வருடம் வராத அழுகை வந்தது.

"அம்மா எப்பவும் பிந்தித்தான் பாடுவாங்க," என்றார். "கூடப் பாடாதீங்க, தாளம் தப்புதுன்னு பதினாலு வயசுல சொன்னேன். அதுக்கப்புறம் என் எதிர்ல அவங்க பாடினதே இல்ல."

பிக்குணி கைபேசியை மறுபடி போட்டார்.