ஏழாவது லட்சணம்

முன்னொரு காலத்தில், காலையில் ராஜாவுக்குத் தோன்றியது மாலைக்குள் சட்டமாகிவிடுகிற ஒரு தேசம் இருந்தது. அந்த ராஜா ஒரு நாள் மலைத்தேனைச் சுவைத்துப் பார்த்தார். அடடா, என்ன ருசி! உடனே எழுந்து நின்று, "இந்தத் தேன் எடுக்கும் மலைக்குடியாருக்கே அந்த மலை சொந்தம்! வந்து செப்புப் பட்டயம் பெற்றுக்கொள்ளட்டும். ஆனால் மலைக்குடியார்தாம் என்று நிரூபிக்க வேண்டும். நிரூபிக்காதவர்கள் மலையை விட்டு இறங்கிவிட வேண்டும்" என்றார்.

நல்ல மனுஷன்தான். ஆனால் யார் மலைக்குடி என்று பார்த்துச் சொல்லும் பொறுப்பை மந்திரி வல்லபராயரிடம் கொடுத்துவிட்டார். அங்கேதான் வந்தது வினை.

மலையிலிருந்து நாற்பது குடும்பங்கள் இறங்கி வந்தன. சபைக்குள் மூன்று பேரை விட்டார்கள்: மாசி என்கிற பெண், அவள் புருஷன் செவணன், அவள் அண்ணன் பெட்டன். மந்திரி ஓர் ஓலையை விரித்தார்.

"மலைக்குடியார் லட்சணம் ஏழு. இலை உடுப்பர்; இவர்கள் வேட்டி உடுத்தியிருக்கிறார்கள். சடை வளர்ப்பர், இவர்கள் தலை வாரியிருக்கிறார்கள். அந்நியரைக் கண்டால் ஓடுவர். இவர்களோ நேரே வந்து நிற்கிறார்கள். அடுத்த மூன்றும் இப்படியே. இவர்கள் மலைக்குடியார் அல்லர், பிரபு!"

மாசி முன்னால் வந்தாள். "ராசாவப் பாக்கப் போறோம்னு குளிச்சு, தொவச்ச துணி கட்டிட்டு வந்தோம் சாமி. அது ஒரு குத்தமா? மலைய விட்டா எங்களுக்குப் போக்கிடம் ஏது?"

மந்திரி அதைக் காதில் வாங்கவே இல்லை. கையைத் தட்டினார். வாழையிலையை இடுப்பில் சுற்றிக்கொண்டு, தலையில் தேங்காய் நாரை ஒட்டிக்கொண்டு, தொப்பையும் தானுமாக ஒருவர் வந்தார். ராஜாவைக் கண்டதும் ஓடினார். காவலர்கள் பிடித்து வந்தபோது அவருக்கு மூச்சு வாங்கியது.

"இவர் சுகவனம். என் தங்கையின் கணவர். இவர் பூர்வீகம் மலை என்பது போன வாரம்தான் தெரிய வந்தது" என்றார் மந்திரி, கொஞ்சமும் கூசாமல்.

சபையில் மந்திரியைப் பகைத்துக்கொள்ள யாருக்குத் துணிச்சல்? ராஜாவும் முத்திரையைக் கையில் எடுத்துவிட்டார்.

அப்போது எழுந்தான் விகடகவி கூத்தப்பன். அவனைக் கண்டாலே மந்திரிக்கு வயிறு எரியும். ராஜா அவன் பேச்சுக்குக் காது கொடுப்பாரே, அதனால்தான்.

"பிரபு, லட்சணம் ஏழு என்றார் மந்திரியார். எத்தனை பார்த்தோம்?"

"சுகவனத்துக்கு ஆறு பொருந்துகின்றன" என்றார் மந்திரி.

"ஏழாவது?"

மந்திரி ஓலையைப் பார்த்து முணுமுணுத்தார். "கயிற்றில் தொங்கித் தேன் எடுப்பர்."

"அப்படியானால் தொங்கவிட்டுப் பார்த்துவிடுவோம். மந்திரியார் ஓலையில் ஓர் எழுத்துகூட வீணாகப் போகக் கூடாது, பாருங்கள்."

ராஜாவுக்கு ஒரே குஷி. கோட்டைவாசல் கோபுரத்தில் முறம் அகலத்துக்கு ஒரு தேனடை தொங்கிக்கொண்டிருந்தது. சபையே கோபுரத்தின் மேல்தளத்துக்குப் போயிற்று. "பயப்படாதே, நாலு சிப்பாய்கள் பிடிப்பார்கள். கண்ணை மூடிக்கொண்டு ஒரு தடவை இறங்கி ஏறு, மலை நமக்குத்தான்" என்று சுகவனத்தின் காதில் ஓதினார் மந்திரி.

கூத்தப்பன் மாசியிடம் திரும்பினான். "அம்மா, உங்கள் வழக்கத்தில் கயிற்றை யார் பிடிப்பது?"

"எங்கண்ணன்தான் பிடிப்பான். பொண்டாட்டி கூடப் பொறந்தவன்தான் பிடிக்கணும். மத்தவன் கைய விட்டா அவனுக்கு என்ன போச்சு? எங்கண்ணன் கைய விட்டா, நான் புள்ளைங்களோட அவன் குடிசைக்குத்தானே போயி நிப்பேன்!"

"கேட்டீரா மந்திரியாரே? சுகவனத்தின் மனைவியோடு பிறந்தவர் தாங்கள்தானே? பிடியுங்கள் கயிற்றை!"

ராஜாவும் தலையாட்டினார். மந்திரிக்கு வேறு வழி இல்லை, பிடித்தார். சுகவனத்தின் இடுப்பில் கயிற்றைக் கட்டியாயிற்று. அவர் ஒரு காலைக் கைப்பிடிச் சுவர்மேல் வைத்தபோது கூத்தப்பன் பால் வடியும் முகத்தோடு கேட்டான்.

"பட்டயம் இவர் பெயரில் அல்லவா? இவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் மலை யாருக்கு?"

"என் தங்கைக்கு."

"பாவம், அவர் பெண்பிள்ளை. நிர்வாகம்?"

"ஏன், நான் இல்லையா?" என்றார் மந்திரி பெருமையாக.

சுகவனம் திரும்பி, கயிறு இருக்கும் கையைப் பார்த்தார். பிறகு அந்த முகத்தைப் பார்த்தார். "ஐயோ!" என்று அப்படியே உட்கார்ந்துவிட்டார். "பிரபு, எனக்கு மலையும் வேண்டாம், மண்ணும் வேண்டாம்! நான் மிளகு வியாபாரி மகன். இந்த மனுஷன் பேச்சைக் கேட்டு இலையைக் கட்டினேன். அவிழ்த்து விடுங்கள்!"

எப்பேர்ப்பட்ட மூளை பாருங்கள் கூத்தப்பனுக்கு! யாரையும் பொய்யன் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை.

அடுத்து செவணன் கயிற்றைக் கட்டிக்கொண்டான். பெட்டன் மேலே காலை ஊன்றி உட்கார்ந்தான். செவணன் புகைப்பந்தத்தோடு இறங்கினான். தேனீக்கள் சுற்றிச் சுற்றிக் கொட்டின. ராஜா கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தார். செவணன் ஒரு தடவைகூடக் கயிற்றை அண்ணாந்து பார்க்கவில்லை. கூடை நிறையத் தேனடையோடு ஏறி வந்து, வீங்கிய முகத்தோடு ராஜாவைக் கும்பிட்டான். ராஜாவுக்குக் கண் கலங்கிவிட்டது.

"வல்லபராயரே, இந்த ஓலையை எழுதியது யார்?"

"என் பாட்டனார், பிரபு."

"அவர் மலைக்குப் போயிருக்கிறாரா?"

"இல்லை... அரண்மனை மாடியிலிருந்து பார்த்திருக்கிறார்."

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தார். தம் முத்துமாலையைக் கழற்றிக் கூத்தப்பன் கழுத்தில் போட்டார். யார் மலைக்குடி என்று சொல்லும் பொறுப்பையும் மந்திரியிடமிருந்து பிடுங்கி அவனிடமே கொடுத்தார். பட்டயம் வெட்டும் ஆசாரி உளியோடு வந்தார். "இன்னும் என்ன எழுத வேண்டும், சொல் தாயே" என்றார் ராஜா.

மாசி கொஞ்சம் யோசித்தாள்.

"நாளைக்கு எங்க பேரப்புள்ளைங்க படிச்சு, நல்ல துணி உடுத்தி, உங்க பேரன் முன்னால வந்து நிக்கும் சாமி. அதுங்களைப் பாத்து, இலை எங்கேன்னு கேக்கக் கூடாது. அத எழுதச் சொல்லுங்க."

"எழுதுங்கள் ஆசாரியாரே, அதைப் பெரிய எழுத்தில் முதலில் வெட்டுங்கள்" என்று சிரித்த ராஜா, அது முடிகிறவரை பக்கத்திலேயே நின்றாராம்.