ஐந்து இருபதுக்குள் ஒரு தட்டு பிரெஞ்ச் பிரைஸ்

குருவுக்கு வயது முப்பத்தொன்று. சீடருக்கு அறுபத்திரண்டு.

குருவின் பெயர் ஷமீம். பிறந்தநாள் விருந்துகளுக்கு வீட்டிலிருந்தே நொறுக்குத்தீனி செய்து கொடுப்பவர். சீடரின் பெயர் இன்னாசிமுத்து. ரயில்வே பணிமனையின் ஸ்டோரில் முப்பத்து நாலு வருடம் சாவிக்கொத்தோடு அலைந்து ஓய்வு பெற்றவர். பொன்மலைப்பட்டியில் ஒரே வீட்டின் மாடியில் அவரும் கீழே ஷமீமும் குடியிருந்தார்கள்.

மனைவி போய் ஆறு வருடமாகிறது. அதன் பிறகு வெந்நீரைத் தவிர எதையும் அடுப்பில் வைத்தறியாத இன்னாசிமுத்து, போன சனிக்கிழமை கீழ்வீட்டுக் கதவைத் தட்டினார்.

"பிங்கர் சிப்ஸ் சொல்லிக் குடும்மா. கடையில இருக்கிற மாதிரி மொறுமொறுன்னு வரணும்."

"எதுக்கு சார்?"

"அடுத்த சனிக்கிழமை லீமா வர்றா."

லீமா அவருடைய ஒரே மகள். வெளியூர் வேலைக்குப் போகக் கூடாது என்று அப்பா குதித்த அன்று, ஒற்றைப் பையோடு மதுரைக்குத் தோழி வீட்டுக்குக் கிளம்பியவள். மூன்று மாதமாக இந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை.

ஷமீம் ஒப்புக்கொண்டார். ஆனால் முதல் இரண்டு நாள் அடுப்பே பற்ற வைக்கவில்லை. உருளைக்கிழங்கை விரல் நீளத்துக்கு நறுக்க வேண்டும், தண்ணீரில் அலச வேண்டும், அவ்வளவுதான். தண்ணீர் வெள்ளையாகக் கலங்கும். கொட்டிவிட்டு மறுபடி ஊற்ற வேண்டும்.

"எத்தனை தடவை?"

"அடியில உங்க கைரேகை தெரியற வரைக்கும்."

மூன்றாம் நாள் சீடருக்குப் பொறுமை போய்விட்டது. ஷமீம் வாசலில் யாருடனோ பேசிக்கொண்டிருந்தபோது, ஈரக் கிழங்கை அள்ளி எண்ணெயில் போட்டார். எண்ணெய் சீறி மணிக்கட்டில் இரண்டு கொப்புளம். ஷமீம் திட்டவில்லை. மருந்தைத் தடவிவிட்டு ஒரு வேட்டித் துணியை நீட்டினார்.

"துடைச்சுட்டுப் போடணும் சார்."

"மொதல்லயே சொல்லியிருக்கலாம்ல?"

"போடச் சொல்லவே இல்லையே நான்."

இப்படியாக வாரம் போயிற்று. சனிக்கிழமை இரண்டு மணிக்கு இன்னாசிமுத்து இறங்கி வந்தார். சவரம் செய்த முகம், இஸ்திரி போட்ட சட்டை, கையில் ஒரு துணிப்பை. வந்ததிலிருந்து மூச்சுக்கு மூச்சு சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எத்தனை மணிக்கு வர்றா லீமா?"

"மூணரைக்கு ஜங்ஷன். இங்க வர நாலாயிடும்."

"எத்தனை நாள் இருப்பா?"

"நாளா? அஞ்சு இருபதுக்கு மெட்ராஸ் வண்டி. அங்கேருந்து ராத்திரியே புனேக்குக் கிளம்பறா. திங்கக்கிழமை வேலையில சேரணுமாம்."

"அப்ப ஒரு மணி நேரம்தான்."

"அதனாலதான் கேக்குறேன்." சீடர் குரலைத் தாழ்த்தினார். "பொரிச்சு வச்சா எவ்வளவு நேரம் மொறுமொறுப்பு நிக்கும்?"

"எதுவரைக்கும் நிக்கணும்?"

இன்னாசிமுத்து ஜன்னல் பக்கம் பார்த்தார்.

"அஞ்சரை வரைக்கும்."

ஷமீம் துணியில் பரப்பியிருந்த கிழங்கைப் புரட்டிக்கொண்டிருந்தார். கை நின்றது.

"அஞ்சு இருபது வண்டிக்கு அஞ்சரை வரைக்குமா?"

"தட்டு தட்டா வச்சுக்கிட்டே இருந்தா, பேசிக்கிட்டே சாப்பிடுவா. இது கிடைச்சா அவளுக்கு உலகமே மறந்துடும்மா. சின்னதுலேருந்தே அப்படித்தான்."

"மறந்துட்டா?"

"வண்டி போயிடும். மெட்ராஸ்ல புனே வண்டியும் போயிடும். அப்புறம் பார்த்துக்கலாம்."

ரயிலுக்கே வாழ்நாளைக் கொடுத்த மனிதர் அதை அவ்வளவு சாதாரணமாகச் சொன்னது கேட்கவே பயமாக இருந்தது. ஷமீம் அடுப்பைப் பற்ற வைத்தார்.

போன் அடித்தது. சீடரின் கை கிழங்கில் இருந்தது. புறங்கையால் ஸ்பீக்கரை அழுத்தினார்.

"அப்பா, மணப்பாறை தாண்டிட்டேன். சர்டிபிகேட் ஃபைல் கிடைச்சுதா?"

"தேடிக்கிட்டே இருக்கேம்மா."

"நேத்தும் இதைத்தான் சொன்னீங்க. ஒரிஜினல் இல்லாம என்னை உள்ளயே விடமாட்டாங்கப்பா."

"நீ வா. பிங்கர் சிப்ஸ் ரெடியாயிட்டிருக்கு."

ரயில் சத்தத்துக்கு மேலே லீமா குரலை உயர்த்தினாள்.

"எனக்கு ஃபைல் போதும்ப்பா."

போன் நின்றுவிட்டது. ஷமீம் எண்ணெயைப் பார்த்தபடியே கேட்டார்.

"ஃபைல் எங்க சார் இருக்கு?"

"பீரோவுல."

"சாவி?"

இன்னாசிமுத்து சட்டைப் பையைத் தொட்டார். பிறகு, கேட்காத கேள்விக்குப் பதில் சொல்ல ஆரம்பித்தார்.

"நான் என்ன கெட்டதா பண்ணிட்டேன்? தாயில்லாத பொண்ணு. பாஷை தெரியாத ஊரு. காய்ச்சல்னு படுத்தா ஒரு வாய் கஞ்சி குடுக்க ஆளு இருக்கா? இங்க என்ன குறை வச்சேன் நான்? சொல்லு."

"கிழங்கைப் போடுங்க சார்."

போட்டார். தீ மெல்ல எரிந்தது. கிழங்கு எண்ணெயில் சோம்பலாகக் கிடந்தது. சீடர் கரண்டியை எடுத்தார்.

"கிளறாதீங்க. இப்பதான் வேகுது, உடைஞ்சுடும்."

ஆறு நிமிடம் கழித்து அரித்தெடுத்துத் துணியில் பரப்பினார்கள். வெளுப்பாக, துவண்டு கிடந்தது.

"இது ஆகவே இல்லையேம்மா!"

"வெந்துடுச்சு. ஆறினப்புறம் இன்னொரு தடவை போடணும். அப்பதான் மொறுமொறுப்பு வரும்."

"ஆற விட நேரமில்லை."

"இருக்கு."

ஆறியது. ஷமீம் தீயைக் கூட்டினார். பாதியை மட்டும் போடச் சொன்னார். இந்த முறை எண்ணெய் கொதித்து ஆர்ப்பரித்தது. மூன்றே நிமிடத்தில் பொன்னிறம். சல்லடையில் போட்டுக் குலுக்கியபோது சலசலவென்று சத்தம் வந்தது. உப்பைத் தூவியதும் சீடர் ஒன்றை எடுத்துக் கடித்தார். அவர் முகத்தில் மூன்று மாதமாகக் காணாத ஒன்று வந்தது. சந்தோஷம்தான், வேறென்ன.

உடனே துணிப்பையைத் திறந்தார். உள்ளே ஒரு ஹாட் பாக்ஸ். பெரியது, திருகுமூடி போட்டது.

"இதுல போட்டு வச்சா சூடு போகாது. வச்சு வச்சுக் குடுக்கலாம்."

எல்லாவற்றையும் உள்ளே கொட்டி மூடியைத் திருகப் போனவர், ஒரு சந்தேகத்தோடு நிமிர்ந்தார்.

"மூடலாம்ல?"

"உங்களுக்குச் சரின்னு பட்டா மூடுங்க சார்."

மூடினார். இறுக்கித் திருகினார். நாற்காலியில் உட்கார்ந்து அதை மடியில் வைத்து இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டார். ஷமீம் பாத்திரம் கழுவப் போய்விட்டார். மணி மூன்றரை ஆயிற்று. ஜங்ஷனுக்கு முன்னால் வண்டியை நிறுத்திவிட்டார்கள் என்று லீமாவிடமிருந்து செய்தி வந்தது. சீடர் அதை இரண்டு முறை படித்தார். அவருக்கு அது நல்ல செய்தியாகத்தான் பட்டது.

நாலு மணிக்கு ஷமீம் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார்.

"திறங்க."

"அவ வரட்டும்."

"திறங்க சார்."

திறந்தார். குப்பென்று ஆவி அடித்தது. மூடியின் உட்புறம் முழுக்க நீர் முத்து முத்தாக நின்று சொட்டியது. உள்ளே இருந்தது பிரெஞ்ச் பிரைஸ் இல்லை. நமுத்துப்போய், ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தது. ஒன்றைத் தூக்கிப் பார்த்தார். இரு பக்கமும் தொங்கியது.

"இப்படி ஆகும்னு உனக்குத் தெரியுமா?"

"தெரியும் சார்."

"தெரிஞ்சேதான் விட்டியா? என் பொண்ணு வர்ற நேரத்துல..." கோபத்தில் அவர் குரல் உடைந்தது. "ஒரு வாரமா உங்கிட்ட மாடா உழைச்சேனே!"

"அந்தத் தண்ணி எங்கேருந்து வந்துச்சு சார்?"

"எனக்கென்ன தெரியும்?"

"நாம ஒரு சொட்டு ஊத்தலை."

இன்னாசிமுத்து மூடியைப் பார்த்தார். விரலால் தடவிப் பார்த்தார்.

"இதுக்குள்ளேருந்துதான் வந்திருக்கு."

"சூடா இருக்கிறது மூச்சு விடும் சார். வெளிய போக வழியில்லன்னா அது மேலயே விழும்."

"சூடு போகக் கூடாதுன்னுதாம்மா மூடினேன்."

"தெரியும் சார்."

அவ்வளவு மெதுவாக அதைச் சொல்லியிருக்க வேண்டாம். திட்டியிருந்தால் சீடர் திருப்பிச் சண்டை போட்டிருப்பார். இப்போது அதற்கும் வழியில்லாமல் ஹாட் பாக்ஸைத் தரையில் வைத்தார்.

"மிச்சப் பாதியைப் போட்டுடவா?"

"அவ வந்ததும் போடுங்க. மூணு நிமிஷம்தான்."

"அப்புறம்?"

"சாப்பிடுவா."

"அப்புறம்?"

ஷமீம் அடுப்பு மேடையைத் துடைத்தார்.

ஆட்டோ வந்து நின்றபோது மணி நாலு இருபத்தைந்து. லீமா இறங்கினாள். ஆட்டோவை அனுப்பவில்லை. ஒரு சுற்று மெலிந்திருந்தாள்.

"அக்கா," என்று ஷமீமைப் பார்த்துத் தலையசைத்தாள். பிறகு, "கிடைச்சுதாப்பா?"

இன்னாசிமுத்து கிழங்கை எண்ணெயில் போட்டார். மூன்று நிமிடம் எண்ணெய் மட்டும் பேசியது. லீமா நின்றபடியே போனில் மணி பார்த்தாள். அரித்து, குலுக்கி, உப்புத் தூவி, தட்டை அவள் முன்னால் வைத்தார்.

"உக்காரும்மா."

"ஃபைல்ப்பா."

சீடர் குருவைப் பார்த்தார். குரு அடுப்பை அணைத்துக்கொண்டிருந்தார். அந்தப் பக்கமிருந்து ஒரு உதவியும் வருவதாக இல்லை. சீடரின் கை சட்டைப் பைக்குப் போயிற்று. போனது அங்கேயே நின்றது. பிறகு மாடிப்படி ஏறினார்.

மேலே காலடிச் சத்தம் கேட்டது. பீரோ கதவு கிரீச்சிட்டது. அதன் பிறகு ஒன்றும் கேட்கவில்லை.

"அக்கா," என்று லீமா ஷமீமிடம் திரும்பினாள். "அப்பா ஒளிச்சு வச்சிருந்தாரா?"

"சூடா இருக்கு. ஒண்ணு எடுத்துப் பாரு."

லீமா தட்டைத் தொடவில்லை. ஆட்டோக்காரர் ஹாரன் அடித்தார். நாலு முப்பத்தாறு. மேலே சத்தமே இல்லை. லீமா படிக்கட்டருகே ஓடினாள்.

"அப்பா! நான் போகணும்ப்பா!"

ஹாரன் மறுபடி அடித்தது. லீமாவின் கண் நிறைந்துவிட்டது. ஷமீம் கையிலிருந்த துணியை முறுக்கி முறுக்கிப் பிழிந்துகொண்டிருந்தார், அதில் ஈரமே இல்லை.

கடைசியில் படிகளில் செருப்புச் சத்தம் கேட்டது. இன்னாசிமுத்து ஃபைலை இரண்டு கையாலும் பிடித்து வந்தார்.

"பீரோவுலதான் இருந்துச்சு," என்றார். "முதல்லேருந்தே இருந்துச்சு."

லீமா அவரையே பார்த்தாள். ஃபைலை வாங்கி ஒவ்வொரு காகிதமாகப் பார்த்துப் பைக்குள் வைத்தாள். திரும்பியவள், என்ன நினைத்தாளோ, தட்டிலிருந்து ஒன்றை எடுத்துக் கடித்தாள். கறுக்கென்ற சத்தம் மூவருக்கும் கேட்டது. இன்னொன்று எடுத்தாள்.

சீடர் பரபரவென்று ஒரு செய்தித்தாளைக் கிழித்துக் கூம்பாகச் சுருட்டினார். தட்டிலிருந்ததை அப்படியே அதில் சரித்தார். மேலே மடிக்கவில்லை.

"உப்பு சரியா இருக்கா?"

"சரியா இருக்குப்பா."

அவ்வளவுதான் பேசினார்கள். ஆட்டோ போய்விட்டது.

இன்னாசிமுத்து வாசல்படியிலேயே உட்கார்ந்தார். ஷமீம் கொடுத்த டீயைக் குடிக்கவில்லை. ஐந்து இருபத்தெட்டுக்கு மெட்ராஸ் வண்டி ஊதிக்கொண்டு பொன்மலையைக் கடந்தது. கடைசிப் பெட்டியின் சத்தம் தேயும் வரை கேட்டுக்கொண்டிருந்தார்.

"இனிமே வராமலே போயிட்டா?"

"வராமலும் போகலாம் சார்."

ஆறுதலை எதிர்பார்த்தவர் நிமிர்ந்து பார்த்தார்.

"வண்டி மட்டும் தவறியிருந்தா, இன்னிக்கு ராத்திரி எம்பொண்ணு எம்பக்கத்துல இருந்திருப்பாம்மா."

ஷமீம் அவர் பக்கத்தில் படியில் உட்கார்ந்தார்.

"இருந்திருப்பா சார். அதை 'எம்பொண்ணு என்னைப் பார்க்க வந்தா'ன்னு சொல்லுவீங்களா?"